மிஸ்டர் குயின்: எதிர்காலம் தெரிந்தவனுக்கு அரண்மனையில் ஏன் ஒரு பருப்பும் வேகவில்லை?

ஜனவரி 4, இரவு 11:40

பக்கத்து இழையில் ஒருவர் எழுதியது: “மிஸ்டர் குயினில் அரசியல் காட்சி வந்தாலே ஓட்டிவிட்டுத்தான் பார்த்தேன், ஒன்றும் குறையவில்லை. 2020இலிருந்து போனவனுக்கு அடுத்த 170 வருடத்துக் கதை தெரியும். நினைத்தால் இரண்டு நாளில் எல்லாரையும் மடக்கியிருக்கலாம், 20 பகுதி இழுத்துவிட்டார்கள்.”

அங்கேயே பதில் போட ஆரம்பித்து நீண்டுவிட்டதால் தனி இழை. பார்க்காதவர்களுக்கு, இது ஒரு கொரியத் தொலைக்காட்சித் தொடர்: கொரிய ஜனாதிபதி மாளிகைச் சமையல்காரன் ஒருவன், வாய்த்துடுக்கு, பெண்கள் விஷயத்தில் மோசம், மாடியிலிருந்து நீச்சல்குளத்தில் விழுகிறான். கண் விழித்தால் 1851. பழைய கொரியாவின் ஜோசன் அரச வம்சத்து அரண்மனை. சோல்ஜோங் அரசனுக்கு மனைவியாகப் போகிறவளின் உடம்பில் இருக்கிறான். இவ்வளவுதான் கதை, மீதி எல்லாம் அமளி.

இப்போது கேள்விக்கு வருகிறேன். அவனுக்கு என்ன தெரியும்? பள்ளிக்கூட வரலாறு தெரியும். சோல்ஜோங் பொம்மை அரசன், மனைவி வீட்டார் ஆட்டி வைத்தார்கள், சின்ன வயதில் செத்தான். அவ்வளவுதான். இன்றைக்கு எந்தக் கிண்ணத்தில் விஷம், எந்தப் பணிப்பெண் யாருடைய ஆள், நேற்று ராத்திரி எந்த அமைச்சர் யார் வீட்டுக்குப் போனார், இதெல்லாம் பாடப்புத்தகத்தில் இருக்காது. உயிர் பிழைக்க வேண்டியது இதை வைத்துத்தான்.

ஜனவரி 5, காலை

முடிவுவரை பேசுவேன். பாதியில் இருப்பவர்கள் போய்ப் பார்த்துவிட்டு வரவும்.

ஜனவரி 5, இரவு

அரசியல் காட்சிகளை ஓட்டியவருக்காகவே இது. நானும் முதல்முறை ஓட்டியவன்தான், பெரிய மகாராணி வாய் திறந்தால் பத்து வினாடி முன்னால் தட்டிவிடுவேன். இரண்டாம் முறைதான் உட்கார்ந்து கேட்டேன்.

1849இல் ஹொன்ஜோங் என்ற அரசன் வாரிசில்லாமல் இறக்கிறான். அரண்மனையில் அப்போது மூத்தவள் அவனுடைய பாட்டி சுன்வொன், தொடரில் வரும் அந்தப் பெரிய மகாராணி. சுன்ஜோ அரசனின் விதவை, ஆண்டோங் கிம் குலத்துப் பெண். அடுத்த அரசன் யார் என்று சொல்லும் உரிமை அவளிடம்தான். கங்ஹ்வா தீவில் பிறந்து வளர்ந்து மண்வெட்டி பிடித்துக்கொண்டிருந்த 18 வயதுப் பையனைக் கூட்டிவந்து உட்கார வைக்கிறாள், அவன்தான் சோல்ஜோங். அவனுக்குப் பின்னால் மூங்கில் தட்டியைத் தொங்கவிட்டு, தட்டிக்கு அந்தப் பக்கம் இருந்து இவள் ஆட்சி. தொடரில் அந்தத் தட்டி அடிக்கடி வரும். அழகுக்காக மாட்டியது என்று நினைத்திருந்தேன். அந்த ஆட்சிமுறைக்குப் பெயரே “தட்டி இறக்கி அரசியல் கேட்பது” என்ற பொருளில்தான்.

அதைவிடப் பெரிய தந்திரம் முறையில் இருக்கிறது. நம் ஆட்களுக்கு இது சட்டென்று புரியும், உறவுமுறை சொல்லித்தானே வளர்ந்தோம். பையனை சுன்ஜோவின் தத்துப்பிள்ளை ஆக்கிவிட்டாள். அதாவது சுன்வொன் அவனுக்கு அம்மா. செத்துப்போன ஹொன்ஜோங்குக்கு இவன் சித்தப்பா. அப்படியானால் ஹொன்ஜோங்கின் அம்மா, எதிர்க்கட்சியான ஜோ குலத்து மகாராணி, இவனுக்கு என்ன முறை?

அண்ணி!

அம்மா உயிரோடு இருக்கும்போது அண்ணி பேச்சு எங்கே எடுபடும்? வாளை உருவாமல், விஷம் வைக்காமல், தத்துத் தாளில் ஒரு வரி எழுதி ஒரு குலத்தையே ஓரங்கட்டியாயிற்று. முன்னோருக்குச் சடங்கு செய்வதற்கு அடுத்த தலைமுறைக்காரன்தான் வரவேண்டும், சித்தப்பா முறைக்காரன் மகன் முறைக்காரனுக்கு வாரிசாவது முறைகேடு. அதையும் மீறித்தான் செய்தாள். 2020இலிருந்து வரும் சமையல்காரன் தன் தாத்தாவின் அண்ணன் பெயரைக்கூடச் சொல்வானா தெரியாது. இவன் இங்கே யாரை மடக்குவது?

ஜனவரி 6

தவறு செய்துவிட்டேன், ஒருவர் சுட்டிக்காட்டினார். சோல்ஜோங் தீவில் பிறக்கவில்லை. பிறந்தது தலைநகரில், 1831. 1844இல் ஒரு சதி வழக்கில் அவன் அண்ணனைக் கொன்றார்கள், மிச்சக் குடும்பத்தைக் கங்ஹ்வாவுக்கு நாடு கடத்தினார்கள். ஆக அவன் அங்கே இருந்தது ஐந்து வருடம்தான். “தீவுக் குடியானவன்” என்ற பட்டம் ஒட்டிக்கொண்டதால் நானும் அப்படியே எழுதிவிட்டேன்.

இது சின்னத் திருத்தம் இல்லை, யோசித்தால் பாத்திரமே மாறுகிறது. அரண்மனை என்றால் என்ன என்று தெரியாத அப்பாவி இல்லை அவன். நன்றாகத் தெரிந்தவன். கொள்ளுத்தாத்தா சாதோ இளவரசரை 1762இல் பெற்ற அப்பனே அரிசிப் பெட்டிக்குள் அடைத்துக் கொன்றான். பாட்டி முறைக்காரியையும் அவள் மருமகளையும் 1801இல் கத்தோலிக்கர் என்று சொல்லி முடித்தார்கள். அப்புறம் அண்ணன். இந்த வீட்டுப் பையனை அழைத்துப்போகப் பல்லக்கும் படையும் தீவுக்கு வந்தபோது கொல்லத்தான் வருகிறார்கள் என்று நடுங்கினான் என்று கதை சொல்வார்கள். கதையோ நிஜமோ, நானாக இருந்தாலும் நடுங்கியிருப்பேன்.

தொடரில் அரசன் பகலில் தூங்கிவழியும் அசடு, இரவில் ஆள் சேர்க்கும் சதிகாரன். முதலில் சினிமாத்தனம் என்று சிரித்தேன். இப்போது சிரிக்கவில்லை. அந்தக் குடும்பத்தில் பிறந்தவன் அசடாக நடிக்காமல் இருந்தால்தான் ஆச்சரியம்.

ஜனவரி 9

அரசியலை விட்டுவிட்டு வீட்டுக்கதை.

இந்தத் தொடரை இரண்டாம் முறை பார்த்தது அம்மாவுக்காக. அவருக்கு ஆங்கிலத் துணைவரிகள் ஓடும் வேகத்துக்குப் படிக்க வராது, நான் பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்லிக்கொண்டே போகவேண்டும். முதல் நாள் பத்து நிமிடத்தில் நிறுத்தச் சொன்னார். “அந்தப் பொண்ணை ஏன்டா எல்லாரும் மாமாங்கறாங்க?” கொரியனில் அரச குடும்பத்தாரை அழைக்கும் மரியாதைச் சொல் “மாமா”. ராணிக்கும் மாமா, கிழவிக்கும் மாமா. பணிப்பெண்கள் அழுதுகொண்டே “மாமா, மாமா” என்று பின்னால் ஓடிவரும் காட்சியில் அம்மா சிரித்த சிரிப்பில் அந்தப் பகுதியின் பாதி சதி எனக்கே புரியவில்லை. (அப்பா, அம்மா என்று கொரியனிலும் இருக்கிறதே என்று தயவுசெய்து இங்கே யாரும் ஆரம்பிக்கவேண்டாம். அதற்கு ஆயிரம் இழை இருக்கிறது.)

சிக்கல் அப்புறம்தான் வந்தது. அவன் ராணி உடம்பில் இருக்கும் ஆண். மனதுக்குள் பேசும்போது சியோல் தெருப் பையன் பேச்சு. வாயைத் திறந்தால் பாதி அரண்மனைக் கொரியன், பாதி தெருக் கொரியன், நடுவில் சறுக்கி விழுவான். ஆங்கிலத்தில் எல்லாருக்கும் ஒரே “யூ”, சறுக்கலே தெரியாது. தமிழில் சொல்லும் எனக்கு ஒவ்வொரு வரியிலும் முடிவெடுக்க வேண்டியிருந்தது. ராணி அரசனைப் பார்த்து “நீ” என்றால் அம்மாவுக்குத் தூக்கிவாரிப்போடும். “நீங்கள்” என்றால் நகைச்சுவை செத்துவிடும். ஒருநாள் “யோவ்” என்று போட்டுவிட்டேன். அம்மா திரும்பி என்னை ஒரு பார்வை பார்த்தார், “ராஜாவையா?” என்றார். அந்த அரண்மனையில் அந்தத் தலைமைப் பணிப்பெண் பார்க்கும் அதே பார்வை. பண்பாட்டு மோதல் எப்படி இருக்கும் என்று எங்கள் வீட்டுக் கூடத்தில்தான் எனக்குத் தெரிந்தது.

ஜனவரி 10

1851இல் கொரிய அடுப்படியில் உருளைக்கிழங்கு ஏது என்று கேட்டவருக்கு: இருந்தது. 1820களில் சீனம் வழியாக வந்துவிட்டது என்பதுதான் வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு. மிளகாய் அதற்கு முன்பே, 16ஆம் நூற்றாண்டின் இறுதியை ஒட்டி. கிம்சி என்ற கொரிய ஊறுகாய் என்றாலே சிவப்பு என்று நினைக்கிறோம், அந்தச் சிவப்பு அமெரிக்கக் கண்டத்துச் சரக்கு. நம் சாம்பாரும் அப்படித்தானே.

சமையலறைக் காட்சிகளில் இன்னொன்று. ராணி அடுப்படிக்குள் வருவது அந்தஸ்து இறக்கம் என்று மட்டும் நினைத்தேன். ஆனால் ஜோசன் அரண்மனையின் பெரிய சமையல்காரர்கள் ஆண்கள். ஆக உள்ளே இருப்பவன் ஆண், பார்ப்பவர்கள் கண்ணுக்குப் பெண், நுழையும் இடம் ஆண்களின் இடம். மூன்று அடுக்கு. தலைமைச் சமையல்காரன் முறைப்பதற்குக் காரணம் ராணி வந்ததா, பெண் வந்ததா, தன்னைவிட நன்றாகக் கத்தி பிடிப்பவள் வந்ததா? என் ஓட்டு மூன்றாவதுக்கு. கல்யாணச் சமையலில் வெளியாள் யாராவது கரண்டியை எடுத்துப் பாருங்கள், தெரியும்.

ஜனவரி 14

சில்லோக் சர்ச்சை பற்றிக் கேட்டிருந்தீர்கள். தெரிந்தவரை சொல்கிறேன்.

ஒளிபரப்பு தொடங்கியது 2020 டிசம்பர். ஆரம்பப் பகுதி ஒன்றில், தான் படித்த வரலாறும் கண்முன் நடப்பதும் ஒத்துப்போகாத எரிச்சலில், ஜோசன் அரச வரலாற்றுப் பதிவேடான சில்லோக்கை அவன் “ஜிராஷி” என்று விடுவான். சந்தில் சுற்றும் வதந்தித் துண்டுச்சீட்டு என்று பொருள் வைத்துக்கொள்ளுங்கள். கொரியாவில் பிடித்துக்கொண்டார்கள். தயாரிப்பாளர்கள் மன்னிப்புக் கேட்டார்கள், அந்த வசனம் போயிற்று.

கொஞ்சம் அதிகம்தான் என்று நினைத்தேன். அப்புறம் சில்லோக் எப்படி எழுதினார்கள் என்று படித்தேன். அரசன் பேசும்போதெல்லாம் பதிவாளர் பக்கத்தில் இருப்பார். அவர் எழுதுவதை அரசன் பார்க்கக்கூடாது. அரசன் செத்த பிறகுதான் தொகுப்பார்கள். தொகுத்து முடித்ததும் வரைவுத் தாள்களை ஓடையில் கழுவி மையைக் கரைத்துவிடுவார்கள், யார் என்ன எழுதினார் என்று பிறகு யாரும் கிளறக்கூடாதென்று. 1404இல் தேஜோங் அரசன் மான் வேட்டையில் குதிரையிலிருந்து விழுந்தான். எழுந்ததும் சொன்ன முதல் பேச்சு, பதிவாளருக்குத் தெரியவேண்டாம் என்பது. எப்படித் தெரியும் என்கிறீர்களா? பதிவாளர் அதையும் எழுதிவைத்திருக்கிறார்.

இதைப் படித்ததும் என் கட்சி கொஞ்சம் ஆடிவிட்டது. சில்லோக் மொத்தம் 1,893 தொகுதி, 25 அரசர்கள். கடைசி அரசன் யார்? நம் சோல்ஜோங்தான். அவனுக்குப் பிந்திய இருவரின் பதிவுகள் ஜப்பானியர் ஆட்சியில் தொகுக்கப்பட்டவை என்பதால் கணக்கில் சேர்ப்பதில்லை. வேறு எந்த அரசனின் அரண்மனையில் நின்று அந்தக் கிண்டலை அடித்திருந்தாலும் இவ்வளவு வலித்திருக்காதோ என்னவோ.

இன்னொரு கூத்தும் நடந்தது. புங்யாங் ஜோ குலத்தின் இன்றைய சங்கத்தார், எங்கள் மகாராணியை மந்திரம் மாயம் என்று திரியும் கேலிப் பாத்திரம் ஆக்கிவிட்டீர்கள் என்று ஆட்சேபித்தார்கள். தொடரில் குலப்பெயரைப் புங்ஆன் என்று மாற்றிவிட்டார்கள். ஆண்டோங் கிம்மும் ஆன்சோங் கிம் ஆயிற்று. ஒரு எழுத்து நகர்ந்தது, அவ்வளவுதான். 170 வருடம் கழித்தும் இரண்டு கட்சியும் களத்தில்! இதைப் படித்துவிட்டு நான் விழுந்து விழுந்து சிரித்தேன்.

ஜனவரி 15

பொங்கல் பொங்கிற்று. அம்மா பானைக்கு முன்னால் நின்று “மாமா” என்றார். வீட்டில் அத்தை மாமா எல்லாரும் இருந்தார்கள், யாருக்கும் புரியவில்லை. எனக்கு மட்டும் புரை ஏறியது.

ஜனவரி 17

சிரித்ததைக் கொஞ்சம் திரும்பப் பெறுகிறேன்.

எங்கள் ஊர்க் கோயில் குடமுழுக்கு மலரில் ஒருமுறை ஊர் வரலாறு என்று நாலு பக்கம் போட்டார்கள். அதில் என் தாத்தாவின் பெயரைச் சொல்லாமல், ஆனால் ஊரில் எல்லாருக்கும் தெரிகிற மாதிரி, தேருக்கு மரம் தர மறுத்த கஞ்சன் என்று ஒரு வரி. தாத்தா இறந்து 30 வருடம் ஆகியிருந்தது. மரம் தர மறுத்தாரா என்பதே எங்களுக்குத் தெரியாது. ஆனால் சித்தப்பா அந்த மலரைக் கையில் எடுத்துக்கொண்டு ஆளாளாகப் போய்ச் சண்டை போட்டார். நான் அன்றைக்கு அவர் பக்கம்தான் நின்றேன். பிறகு எந்த முகத்தோடு ஜோ குலத்தாரைப் பார்த்துச் சிரிப்பது?

மிஸ்டர் குயினுக்கு மூலமான சீன இணையத் தொடர் 2015இல் வந்தது. கதை கிட்டத்தட்ட இதே கிறுக்குத்தனம், ஆண் ஒருத்தன் பட்டத்து இளவரசியின் உடம்பில். ஆனால் அங்கே அரச வம்சமே கற்பனை. எந்தக் குலமும் கொடி பிடித்து வர வழியில்லை. கொரியர்கள் எடுத்தபோது நிஜ அரசன், நிஜ மகாராணி, நிஜ மாமன் மச்சான் என்று பெயர் வைத்தார்கள். ருசியும் அதனால்தான் வந்தது, வம்பும் அதனால்தான் வந்தது. சோல்ஜோங் என்ற பெயர் இல்லாவிட்டால் இவன் செத்துவிடுவானே என்ற பதைப்பு நமக்கு வருமா? எனக்கு வந்திருக்காது.

காலப்பயணத் தொடர்கள் வரலாற்றை விளையாட்டாக எடுத்துக்கொள்கின்றன என்று 2011இல் சீன அரசுத் துறையே முகம் சுளித்தது. கொரியாவில் 2021 மார்ச்சில் வேறொரு வரலாற்றுக் கற்பனைத் தொடர், ஜோசன் மேசையில் சீனப் பலகாரம் வைத்த குற்றத்துக்காக, விளம்பரதாரர்கள் ஓடிப்போய் இரண்டே பகுதியோடு நிறுத்தப்பட்டது. அதோடு பார்த்தால் மிஸ்டர் குயின் ஒரு எழுத்து மாற்றத்தோடு தப்பித்தது.

ஜனவரி 22

முடிவு பற்றி. இங்கே பலருக்கு முடிவு பிடிக்கவில்லை, காதல் காரணமாக. எனக்கும் பிடிக்கவில்லை, வேறு காரணத்துக்காக.

அவன் 2021க்குத் திரும்பிப் பார்த்தால் வரலாறு மாறியிருக்கிறது, சோல்ஜோங் நல்ல சீர்திருத்த அரசனாகப் பதிவாகியிருக்கிறான். பார்க்கும்போது கண் கலங்கியது, பொய் சொல்லமாட்டேன். மறுநாள் உறுத்தியது. நிஜத்தில் 1862இல் ஜின்ஜுவில் குடியானவர்கள் கிளம்பினார்கள், தெற்கு முழுக்கப் பரவியது. படை வரி என்று துணி வசூலிப்பார்கள். செத்தவன் பெயருக்கும் வரி, தொட்டில் குழந்தை பெயருக்கும் வரி. கடனாகக் கொடுக்கும் தானியத்தில் பதர், திருப்பிக் கேட்கும்போது நல்ல நெல். அரசன் சீர்திருத்தத்துக்கென்று ஒரு அலுவலகம் திறந்தான், சில மாதத்தில் அது மூடப்பட்டது. அவனும் 1864 ஜனவரியில் 32 வயதில் போய்விட்டான்.

செத்தவனிடம் வரி வாங்குகிற அந்த ஊரைத் தொடரில் இன்னும் நாலு காட்சி காட்டியிருந்தால் அரசனின் ராத்திரிச் சதிகளுக்கு ஒரு கனம் வந்திருக்கும். வாள்சண்டைக்குக் கொடுத்த நேரத்தை வரிக்கணக்குக்குக் கொடுத்தால் யார் பார்ப்பார்கள் என்பீர்கள். நான் பார்ப்பேன். சரி, நான் ஒருத்தன் பார்த்து என்ன ஆகப்போகிறது.

ஜனவரி 23

தொடக்கத்தில் கேள்வி கேட்டவர் திரும்பி வந்திருக்கிறார். ஓட்டாமல் மறுபடி பார்த்தாராம், “அண்ணி விஷயம் தெரிந்தபிறகு அந்த ஜோ மகாராணி முகத்தைப் பார்த்தாலே பாவமாக இருக்கிறது” என்கிறார். பாவப்படாதீர்கள். அண்ணி காத்திருந்தார். சுன்வொன் 1857இல் காலமானார். சோல்ஜோங் இறந்த அன்றே அரச முத்திரையை அண்ணி கையில் எடுத்துக்கொண்டார். அடுத்து 11 வயது கோஜோங். அவன் முறைப்படி சோல்ஜோங்குக்கு மகன் முறை. ஆனால் அண்ணி அவனைத் தன் செத்துப்போன கணவருக்குத் தத்துப்பிள்ளை ஆக்கினார். ஆக இப்போது அவர் அம்மா. மாமியாரிடம் கற்ற அதே வித்தை, அதே தட்டி. கிம் குலம் காலி.

இன்னொரு திருத்தமும். முதல் நாள் “ஒரு பருப்பும் வேகவில்லை” என்று தலைப்பு வைத்தது நான்தான். அது சரியில்லை. அவனுக்குத் தெரிந்த எதிர்காலம் எதற்கும் உதவவில்லை, அதில் மாற்றமில்லை. ஆனால் கிழவி மகாராணியின் வாய்க்கு எது பிடிக்கும் என்று கண்டுபிடித்து அந்தக் கதவைத் திறந்தானே, அது கைவேலை. எந்த நூற்றாண்டுக்குப் போனாலும் கூடவே வரும். அமைச்சர்கள் பத்து வருடம் குனிந்து நின்று வாங்கியதை அவன் ஒரு கிண்ணத்தில் வாங்கினான். நிஜமாகவே வெந்தது அந்தப் பருப்பு ஒன்றுதான். தலைப்பை மாற்ற இங்கே வழி தெரியவில்லை, இருக்கட்டும்.

ஜனவரி 30

ராணிக்கு நிஜத்தில் என்ன ஆயிற்று என்று இரண்டு பேர் கேட்டிருந்தீர்கள். பிறந்தது 1837. அதாவது 1851இல் வயது 14. இது தெரிந்த பிறகு தொடரின் சில காதல் காட்சிகளை நினைக்கச் சங்கடமாக இருக்கிறது, திரையில் வளர்ந்த நடிகை என்பதால் நமக்கு உறைக்கவில்லை. 1858இல் ஒரு மகன் பிறந்தான், ஒரு வயது நிறையுமுன் போய்விட்டான். அரசனுக்கு மற்ற மனைவியரிடம் பிறந்தவர்களிலும் ஒரே ஒரு மகள்தான் குழந்தைப் பருவத்தைத் தாண்டினாள், அவளும் 1872இல் கல்யாணமான சில மாதத்தில் இறந்தாள். கோஜோங்கை அண்ணி தன் கணவரின் மகனாக்கியதில் இவளுக்குத் தாய் என்ற இடமும் இல்லாமல் போயிற்று. 1878 வரை இருந்தாள்.

அம்மாவிடம் இதைச் சொல்லவில்லை. மூன்றாம் முறை பார்க்க ஆரம்பித்திருக்கிறார், இப்போது நாலாம் பகுதி. துணைவரியே வேண்டாமாம், கதை தெரியுமாம். கூடத்திலிருந்து “மாமா” சத்தம் கேட்டுக்கொண்டிருக்கிறது.